லிங்கன் கதையைச் சொல்லும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆபிரகாம் லிங்கனைப் பற்றிப் பேச்சுப் போட்டிக்கோ கட்டுரைக்கோ தயார் செய்கிறவர்கள் பெரும்பாலும் முதலில் எடுப்பது அந்தத் தோல்விப் பட்டியலைத்தான். 1832இல் தோற்றார், 1855இல் தோற்றார், 1858இல் தோற்றார், 1860இல் ஜனாதிபதித் தேர்தலில் ஜெயித்தார் என்று அது போகும். ஆண்டுகள் சரிதான், ஆனால் இடையில் இருந்த ஒரு முழு வாழ்க்கையே அதில் விடுபட்டுப் போகிறது. 1834 முதல் இல்லினாய் மாநிலச் சட்டமன்றத்துக்குத் தொடர்ந்து நான்கு முறை ஜெயித்தவர் அவர். 1836இல் வக்கீல் உரிமம் வாங்கினார். அடுத்த ஆண்டு ஸ்பிரிங்ஃபீல்டுக்குக் குடிபோய், ஜனாதிபதி ஆகும்வரை ஐயாயிரத்துக்கும் அதிகமான வழக்குகளைப் பார்த்தார். முதல் தோல்வியான 1832 சட்டமன்றத் தேர்தலிலும், அவரை நேரில் அறிந்த நியூ சேலத்தில் பதிவான 300 வாக்குகளில் 277 அவருக்குத்தான் விழுந்தன.

1855, 1858 தோல்விகள் அமெரிக்க நாடாளுமன்றத்தின் மேலவையான செனட்டுக்கானவை. அந்த இரண்டையும் இன்றைய தேர்தல் போல நினைத்து எழுதக் கூடாது. அப்போது செனட்டர்களைத் தேர்ந்தெடுத்தது மாநிலச் சட்டமன்றம். மக்கள் நேரடியாக வாக்களிக்கும் முறை 1913இல்தான் அரசியல் சட்டத்தில் ஏறியது. 1855இல் முதல் சுற்றில் முன்னணியில் இருந்தவரே லிங்கன்தான். அப்புறம் அவருடைய வாக்குகள் கரைய, எதிரணிக்கு வேண்டிய கவர்னர் மேட்டசன் ஜெயித்துவிடும் நிலை வந்தது. உடனே தன் ஆட்களை இன்னொரு வேட்பாளரான லைமன் டிரம்பலுக்கு வாக்களிக்கச் சொல்லிவிட்டார். அடிமை முறை புதிய பகுதிகளுக்குப் பரவுவதை டிரம்பலும் எதிர்த்தார். லிங்கனுக்கு அதுதான் முக்கியமாக இருந்தது. இதைத் 'தோல்வி' என்று ஒரே சொல்லில் கடந்துபோவது அந்த மனிதருக்குச் செய்யும் அநியாயம். 1858 கதையும் அப்படித்தான். சட்டமன்றத்தில் 54க்கு 46 என்று அவரை எதிர்த்து நின்ற ஸ்டீபன் டக்ளஸ் வென்றார், ஆனால் மாநிலம் முழுவதும் லிங்கனின் கட்சிதான் கூடுதல் வாக்கு வாங்கியிருந்தது.

மகனின் ஆசிரியருக்கு அவர் எழுதியதாகச் சுற்றும் கடிதத்தைத் தொடவே வேண்டாம். அதற்கு மூலப் பிரதி கிடையாது, அவருடைய தொகுக்கப்பட்ட எழுத்துகளிலும் அது இல்லை.

1858இல் பியர்ட்ஸ்டவுனில் நடந்த ஆம்ஸ்ட்ராங் கொலை வழக்கையும் கவனமாகச் சொல்ல வேண்டும். நிலா வெளிச்சத்தில் ஆம்ஸ்ட்ராங் அடித்ததைப் பார்த்தேன் என்று ஒருவர் சாட்சி சொன்னார். லிங்கன் பஞ்சாங்கத்தைக் காட்டி அதை உடைத்தார். அன்று அமாவாசை என்று எழுதிவிடாதீர்கள். நிலா இருந்தது, ஆனால் மறையும் தறுவாயில் அடிவானத்தை நெருங்கியிருந்தது. ஆம்ஸ்ட்ராங் தன் பழைய நண்பரின் விதவையுடைய மகன் என்பதால் லிங்கன் கட்டணமும் வாங்கவில்லை.

அதற்காக ஏழைகளுக்கு மட்டுமே வாதாடியவர் என்று முடிவுகட்டக் கூடாது. இல்லினாய் சென்ட்ரல் ரயில்வேக்காக ஒரு வரி வழக்கில் வாதாடி ஜெயித்தார். 5,000 டாலர் கட்டணத்தை அந்த நிறுவனம் தர மறுத்தபோது, அதன் மீதே வழக்குப் போட்டு வசூலித்தார்.

பலரும் மறைக்கிற வழக்கு ஒன்று உண்டு. 1847இல் ராபர்ட் மேட்சன் என்ற அடிமை உரிமையாளருக்காக லிங்கன் வாதாடினார். ஜேன் பிரையன்ட் என்ற பெண்ணையும் அவருடைய பிள்ளைகளையும் திரும்ப அடிமைகளாக்கக் கேட்ட வழக்கு அது. ஆறு ஆண்டுகளுக்கு முன்புதான், 1841இல், நான்ஸ் என்ற கறுப்பினப் பெண்ணை விற்றது செல்லாது என்று மாநில உச்ச நீதிமன்றத்தில் வாதாடி ஜெயித்திருந்தார். இரண்டில் ஒன்றை மட்டும் சொன்னால் ஆள் முழுதாகத் தெரிய மாட்டார். மேட்சன் வழக்கில் லிங்கன் தோற்றார். ஜேனும் பிள்ளைகளும் விடுதலை ஆனார்கள்.