பேசி முடித்தாயிற்றா? கோர்ட்டிலும் முடித்துவிடுங்கள்

ஏற்காட்டில் என் சித்தப்பாவுக்கும் பக்கத்துக் காபித் தோட்டக்காரருக்கும் வேலித் தகராறு, கேஸ் போட்டது அவர். ஒருநாள் இருவரும் உட்கார்ந்து பேசி, வேலியை நாலடி தள்ளிக்கொள்வது என்று முடித்தார்கள். இதற்கு மேல் எதற்கு இருபது கொண்டை ஊசி வளைவு இறங்கி சேலம் அஸ்தம்பட்டி கோர்ட்டுக்குப் போகணும் என்று சித்தப்பா வாய்தாவுக்குப் போகவில்லை. எதிர்த்தரப்பு வக்கீலுக்கோ சமரசம் ஆனதே தெரியாது. ஒரு தரப்பு வராததால் கேஸ் எக்ஸ்பார்ட்டி ஆகி, சித்தப்பாவுக்கு எதிராக டிக்ரியும், அதாவது கோர்ட்டின் தீர்ப்பாணையும், வந்துவிட்டது. அதை ரத்து செய்ய 30 நாளுக்குள் மனுப் போட வேண்டும், அந்த அலைச்சல் தனி.

அதனால் பேசி முடித்த அன்றே இரண்டு வக்கீலுக்கும் சொல்லிவிடுங்கள்.

கேஸ் போட்டவர், அதாவது வாதி, 'நாட் பிரஸ்' (கேஸை மேலே நடத்தவில்லை) என்று மெமோ போட்டு வாபஸ் வாங்கலாம். சுலபம்தான், ஆனால் நீங்கள் பேசிய எதுவும் கோர்ட் பதிவில் இருக்காது. கோர்ட் அனுமதி வாங்காமல் வாபஸ் வாங்கினால் அதே விஷயத்துக்கு வாதி மறுபடி கேஸ் போடவும் முடியாது. இன்னும் வேலி நகரவில்லை, பணம் கைக்கு வரவில்லை என்றால் இந்த வழி வேண்டாம் என்பேன்.

இதைவிட நல்ல வழி, சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 23 ரூல் 3-இல் இரு தரப்பும் சேர்ந்து சமரச மனு போடுவது. சர்வே நம்பர், நான்கெல்லை, எத்தனை அடி, எந்தத் தேதிக்குள், வேலிச் செலவு யாருடையது, எல்லாம் எழுதி ஒரு வரைபடமும் சேர்த்துவிடுங்கள். 'சுமுகமாகப் போய்க்கொள்வோம்' என்று மட்டும் எழுதினால் நாளைக்கு அதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. வாதி, பிரதிவாதி எல்லாரும் கையெழுத்துப் போடணும், ஊரில் இல்லாத அத்தையும் கேஸில் பார்ட்டி என்றால் அவரும்தான். சம்மதித்துத்தான் போட்டீர்களா என்று ஜட்ஜ் கேட்டால் ஆமாம் என்று சொல்லுங்கள், அங்கே நின்று பழைய கதையை ஆரம்பிக்காதீர்கள். அந்தச் சமரசப்படி டிக்ரி ஆகிவிட்டால், சொன்னபடி நடக்காதவர் மேல் புதுக் கேஸ் வேண்டாம், டிக்ரியை அமல்படுத்தச் சொல்லி நேராக நிறைவேற்று மனு போடலாம். கேஸில் இல்லாத வேறு நிலத்தையும் சமரசத்தில் சேர்த்தால் டிக்ரியைப் பத்திரப் பதிவு அலுவலகத்தில் பதிவு செய்ய வேண்டிவரும்.

கோர்ட் ஃபீஸைத் திரும்பக் கேட்க மறந்துவிடாதீர்கள். வெளியே தாங்களே பேசி முடித்தவர்களுக்கும் அது உண்டு என்று சென்னை உயர் நீதிமன்றம் சொன்னதை 2021-இல் உச்ச நீதிமன்றமும் உறுதி செய்தது. லோக் அதாலத்தில் (சமரசம் பேசி முடிக்கும் மக்கள் நீதிமன்றத்தில்) முடித்தாலும் ஃபீஸ் திரும்பும், அங்கே தரும் அவார்டுக்கு, அதாவது உத்தரவுக்கு, அப்பீலும் கிடையாது.

டிக்ரி ஆன பிறகு வெளியே பணம் கொடுத்து முடித்தவர்கள் இன்னும் உஷாராக இருக்கணும். வாங்கியவர் அதைக் கோர்ட்டில் சொல்லவில்லை என்றால், 30 நாளுக்குள் நீங்களே கோர்ட்டில் மனுப் போட்டுப் பதிவு செய்யுங்கள். பதிவாகாத பணத்தை நிறைவேற்றும் கோர்ட் கணக்கில் எடுக்காது, மறுபடி கட்டச் சொன்னால் கட்டத்தான் வேண்டும்.

கடைசியாக, டிக்ரிக்கு சர்டிஃபைடு காப்பி போட்டு வாங்கிப் பட்டாவோடு வையுங்கள். சித்தப்பா இப்போது அதை லேமினேட் செய்து வைத்திருக்கிறார்.