புரொடக்‌ஷன் மேனேஜராக ஷூட்டிங்கைத் திட்டமிடுவது

தமிழ் சினிமாவில் புரொடக்‌ஷன் மேனேஜரின் வேலை கேமரா ஓடுவதற்குப் பல வாரங்கள் முன்பே தொடங்கிவிடும். முதலில் ஸ்கிரிப்டைக் காட்சி காட்சியாகப் பிரியுங்கள். ஒவ்வொரு காட்சிக்கும் லொகேஷன், பகலா இரவா, நடிகர்கள், துணை நடிகர்கள் எத்தனை பேர், வண்டி, உடை என எல்லாம் தனித்தனியாக வர வேண்டும். பக்கத்தை எட்டுப் பாகமாகப் பிரித்துக் காட்சியின் நீளத்தைக் கணக்கிடுங்கள். ஆனால் அதை அப்படியே நம்பிவிடக் கூடாது. 'இருவரும் சண்டையிடுகிறார்கள்' என்ற ஒரே வரி, 3 நாள் கால்ஷீட்டை விழுங்கிவிடும்.

ஷெட்யூலைக் கதை வரிசையில் போடாதீர்கள். ஒரே லொகேஷனில் உள்ள காட்சிகளைச் சேர்த்து, பிறகு நடிகர்களின் தேதியோடு ஒத்துப் பாருங்கள். மழை வந்தால் எடுக்க, உள்ளரங்கக் காட்சி ஒன்றைக் கையில் வைத்திருங்கள்.

மாடோ நாயோ ஒரு ஷாட்டில் நடிக்கிறதென்றாலும் விலங்குகள் நல வாரியத்திடம் படப்பிடிப்புக்கு முன்பே அனுமதி வாங்குங்கள். இதை விட்டால் படம் முடிந்து சென்சாருக்குப் போகும்போது சிக்கிக்கொள்ளும்.

பணம்தான் பெரும்பாலும் பிசகும் இடம். பேட்டாவை, அதாவது தினப்படியை, அன்றன்றே கொடுத்துவிடுங்கள். உழைத்தவரைக் காக்க வைப்பது தவறு, மறுநாள் வேலையும் சுணங்கும். ஒவ்வொரு வவுச்சரிலும் தேதி, பெயர், எதற்காக, தொகை, கையெழுத்து. 5,000 ரூபாய்க்கு மேல் ரொக்க ரசீது என்றால் 1 ரூபாய் ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டி, அதன் மேலேயே கையெழுத்து வாங்குங்கள். ஜெனரேட்டர் வந்ததும், கிளம்பும்போதும் மீட்டரைப் போன் கேமராவில் எடுத்து வையுங்கள். டீசல் கணக்கில் வரும் சண்டை அதோடு தீரும்.