செயின்ட் மார்ட்டின் யூதர் கல்லறைக்கு கைடோட ஒரு நாள் போறது எப்படி

மொரிஷியஸ்ல யூதங்க கல்லறை எங்க இருக்குன்னு கேட்டா ரோஸ் ஹில்லயே பொறந்து வளந்த எங்க பக்கத்து வீட்டு அக்காவுக்கே தெரியல, அவங்க வீட்லேருந்து வண்டில போனா அரை மணி நேரம் கூட ஆகாது. நானும் ஊர்லேருந்து கல்யாணமாகி இங்க வந்து ஆறு வருஷம் கழிச்சுத்தான் கேள்விப்பட்டேன். அதுக்கப்புறம் நாலு தடவ போயாச்சு, சொந்தக்காரங்கள கூட்டிட்டு, கோவில் பசங்கள கூட்டிட்டு, அதுல மொத தடவ போனது மொத்தமா சொதப்பிடுச்சு. அந்தத் தப்பு உங்களுக்கு நடக்கக்கூடாதுன்னு தான் எழுதறேன்.

மொதல்ல என்ன நடந்துச்சுன்னு கொஞ்சம் தெரிஞ்சுக்கோங்க, தெரியாம போனா வெயில்ல நின்னு கல்லப் பாத்துட்டு வர்ற மாதிரி தான் இருக்கும். 1940ல வியன்னா, பிராக், டான்ஸிக் ஊர்லேருந்தெல்லாம் யூத குடும்பங்க ஹிட்லர் ஆளுங்ககிட்டேருந்து உசுரு பொழச்சா போதும்னு கெளம்பி, டான்யூப் ஆத்துல படகுல எறங்கி, ருமேனியால துல்சியாங்கற ஊர்ல அட்லாண்டிக்னு ஒரு பழைய கப்பல்ல ஏறுனாங்க. வழில கரி தீந்துபோச்சு, கப்பல்ல இருந்த மரத்தையே பேத்து பேத்து அடுப்புல போட்டு ஓட்டிருக்காங்க. நவம்பர் 24ஆம் தேதி ஹைஃபா துறைமுகம் வந்து சேந்தாங்க. ஆனா பாலஸ்தீனம் அப்ப பிரிட்டிஷ்காரன் கைல, 1939ல வெள்ளை அறிக்கைன்னு ஒன்னு போட்டு யூதங்க வர்ற எண்ணிக்கைய சுருக்கிட்டான். இவங்கள பாத்ரியாங்கற இன்னொரு கப்பலுக்கு மாத்தி மொரிஷியஸுக்கு அனுப்பறதா முடிவு. மாத்திக்கிட்டிருக்கும்போதே, மறுநாள் அந்த பாத்ரியா குண்டு வெடிச்சு முங்கிருச்சு. கப்பல் கெளம்பாம பழுதாகணும்னு ஹகானாங்கற யூத இயக்கமே வச்ச குண்டு அது, கணக்கு தப்பி எரநூத்தம்பதுக்கும் மேல உசுரு போயிருச்சு. அதுல தப்பிச்சவங்கள அங்கயே தங்க விட்டாங்க. அட்லாண்டிக்ல மிச்சம் இருந்தவங்கள மட்டும் அட்லித்ங்கற முகாம்ல வச்சிருந்து, டிசம்பர் 9ஆம் தேதி வலுக்கட்டாயமா தூக்கி ரெண்டு டச்சு கப்பல்ல ஏத்திட்டாங்க. டிசம்பர் 26, நம்ம போர்ட் லூயிஸ். மொத்தம் 1,580 பேர்.

இங்க வந்ததும் ஆம்பளைங்கள போ பாசேன் ஜெயில் செல்லுல போட்டாங்க, பொம்பளைங்களும் கொழந்தைங்களும் அதுக்குப் பக்கத்துலயே தகரக் கொட்டகைல. புருஷன் பொண்டாட்டிய ரொம்ப நாள் சேரவே விடல. வந்த கொஞ்ச நாள்லயே டைஃபாய்டு, அப்புறம் மலேரியா. 1945 ஆகஸ்ட் வரைக்கும், நாலரை வருஷத்துக்கும் மேல. அதுக்குள்ள 120 பேருக்கு மேல செத்துட்டாங்க. அவங்க தான் செயின்ட் மார்ட்டின்ல படுத்திருக்காங்க.

இப்ப கைடு விஷயம். ரொம்ப முக்கியமானது இதான், அதனால கொஞ்சம் இழுத்தே சொல்றேன். தீவு சுத்திக் காட்டற டிரைவர் எல்லாருமே நான் கைடும் பண்றேன்ம்பாங்க, கடலுக்கும் நீர்வீழ்ச்சிக்கும் அது போதும், இதுக்குப் போதாது. மொத தடவ நாங்க போனப்ப பேசி வச்ச ஆளு நல்ல மனுஷன் தான், ஆனா இது நாஜிக்காரன் கட்டுன முகாம்னு சொல்லிட்டார், கூட வந்த பசங்க அத அப்படியே நம்பி வீட்ல போய் சொல்லிருக்காங்க. தப்பு. இங்க யாரையும் விஷவாயு போட்டுக் கொல்லல, இத நடத்துனது பிரிட்டிஷ் அரசாங்கம், இது தடுப்புக் காவல். ஆனா இங்க அடைச்சு வச்சவங்களோட அம்மா அப்பா, அண்ணன் தம்பின்னு ஐரோப்பால விட்டுட்டு வந்த எத்தனையோ பேர் நாஜிங்க கொன்ன அந்த அறுபது லட்சம் யூதங்கள்ல போயிட்டாங்க, அந்தச் சேதி இவங்களுக்கு இந்த ஜெயிலுக்குள்ள இருக்கும்போது கொஞ்சம் கொஞ்சமாத்தான் வந்து சேந்துருக்கும். இந்த ரெண்டையும் பிரிச்சு சொல்லத் தெரிஞ்சவர் தான் கைடு. அதனால பேசும்போதே ஒரு கேள்வி கேளுங்க: ஹைஃபா வரைக்கும் போனவங்கள ஏன் இங்க கொண்டாந்தாங்க? அதுக்கு ஒழுங்கா பதில் வந்தா முன்பணம் குடுங்க. மழுப்புனா வேற ஆள் பாருங்க.

அப்புறம் பாஷை. இங்க கைடுங்க கிரியோல், பிரெஞ்சு, இங்கிலீஷ்ல தான் பேசுவாங்க. ஊர்லேருந்து வந்த அம்மா அப்பாவ கூட்டிட்டுப் போறீங்கன்னா அவங்களுக்குத் தமிழ்ல சொல்ல ஒரு ஆள் வேணும், அது நீங்கதான்னா முந்தின நாள் நைட்டே படிச்சு வச்சுக்கோங்க. ரெண்டு நிமிஷத்துக்கு ஒரு தடவ நிறுத்தி நிறுத்திப் பேசச் சொல்லி கைடுகிட்ட முன்னாடியே சொல்லிருங்க, இல்லன்னா அவர் பாட்டுக்கு இருபது நிமிஷம் பேசிருவார், நீங்க ரெண்டே வரில முடிச்சிருவீங்க, பெரியவங்க ஒதுங்கிப் போய் மரத்தடில உக்காந்துருவாங்க.

ஆளு எட்டுலேருந்து பன்னண்டு பேர் போதும், ஒரு வேன். நாங்க மொத தடவ முப்பது பேர பஸ்ல ஏத்திட்டுப் போனோம், கூட அதே நாள்ல இன்னும் மூணு எடம். அங்க போய் நின்னா கல்லறைக்கிட்ட இருக்கற நினைவு மையம் பூட்டியிருக்கு, யாரும் முன்னாடி சொல்லி வைக்கல. அதனால போற தேதிய ஒரு வாரம் முன்னாடியே பேசி உறுதி பண்ணிக்கோங்க, முந்தின நாள் இன்னொரு தடவ போன் போட்டுக் கேளுங்க. சனிக்கிழம வேண்டாம், அது யூதங்களுக்கு ஓய்வு நாள், அன்னிக்கு அவங்க கல்லறைக்குப் போறதில்ல, அவங்க பண்டிகை நாளும் அப்படித்தான். நவம்பர் 1, 2 தேதியும் தவிர்த்துருங்க, கிறிஸ்தவங்க எல்லாம் பூவோட அவங்கவங்க கல்லறைக்கு வர்ற நேரம், அதே எடத்துல தான் அவங்க கல்லறையும் இருக்கு. நம்ம ஆளுங்களுக்கு இன்னொன்னு: தைப்பூசக் காவடிக்கு விரதம் இருக்கறவங்க கல்லறைப் பக்கம் போகமாட்டாங்க, அந்த நாள்ல தேதி வச்சா பாதி பேர் வரமாட்டாங்க, வர்றவங்களுக்கும் மனசு உறுத்தும். கல்லறை இருக்கற மேற்குப் பக்கம் வெயில் ஜாஸ்தி, ஜனவரிலேருந்து மார்ச் வரைக்கும் புயல் பயம் வேற, மே மாசத்துலேருந்து அக்டோபருக்குள்ள போறது தான் உடம்புக்கு நல்லது.

நான் போற வரிசை இது. காலைல எட்டு எட்டரைக்கு போர்ட் லூயிஸ் துறைமுகத்துல ஆரம்பிங்க. தண்ணியப் பாத்து நின்னுட்டு, அந்த 1,580 பேர் வந்து எறங்குன துறைமுகம் இதான்னு கைடு அங்கயே மொத கதைய ஆரம்பிக்கட்டும். பக்கத்துலயே ஆப்ரவாசி காட் இருக்கு, நம்ம பாட்டன் பூட்டன் கரும்புத் தோட்டத்துக்கு ஒப்பந்தக் கூலியா வந்து ஏறுன பதினாறு படி அங்க தான். அத முழுசா பாக்க இன்னொரு நாள் வச்சுக்கோங்க. ரெண்டு கதையும் ஒரே துறைமுகத்துல நடந்துச்சு, ஆனா ரெண்டும் ஒன்னுன்னு சொல்லிறக்கூடாது, அவங்க வலி வேற நம்ம வலி வேற. எங்க மாமியாரோட கொள்ளுத்தாத்தா பேரும் நம்பரும் மோக்கால மகாத்மா காந்தி நிலையத்து ஆவணத்துல கெடச்சப்ப மாமியார் அந்தப் பேப்பர மடில வச்சுட்டு ஒரு மணி நேரம் எழுந்திருக்கவே இல்ல. அதனால தான் அவங்களுக்கு செயின்ட் மார்ட்டின்ல நான் எதையும் வெளக்க வேண்டியிருக்கல.

அடுத்து போ பாசேன். ஜெயில் இன்னிக்கும் ஜெயிலாத்தான் ஓடுது, உள்ள விடமாட்டாங்க, கேட்டுப் பாக்கவும் வேண்டாம். கேமராவ எடுக்கவே எடுக்காதீங்க, வண்டில இருக்கற பசங்ககிட்ட முன்னாடியே சொல்லிருங்க. வெளிய அந்தக் கருங்கல் சுவரு தெரியற மாதிரி மெதுவா ஒரு சுத்து, அவ்ளோதான். உள்ள அவங்க வாழ்ந்த கதைய வண்டிக்குள்ளயே சொல்லலாம்: பள்ளிக்கூடம் நடத்துனாங்க, பட்டறை போட்டு சாமான் செஞ்சாங்க, படம் வரைஞ்சாங்க, பாட்டுக் குழு வச்சிருந்தாங்க, கிட்டத்தட்ட அறுபது கொழந்தைங்க பொறந்துச்சு.

அங்கேருந்து செயின்ட் மார்ட்டின், பத்தரைக்குள்ள போய்ச் சேருங்க. 2014லேருந்து அங்க இருக்கற பழைய சின்ன சேப்பல (ஜெபக்கூடத்த) நினைவு மையமா மாத்தி பழைய போட்டோ, விவரம் எல்லாம் வச்சிருக்காங்க. மொதல்ல அங்க அரை மணி, அப்புறமா கல்லறைக்கு. நெறைய பேர் இத மாத்திப் பண்றாங்க. போட்டோல மொகத்த பாத்துட்டு வெளிய வந்தா தான் கல்லுல இருக்கற பேர் ஆளா தெரியுது.

ஆம்பளைங்க தலைய மறைக்கணும், தொப்பி இல்லன்னா கர்சீஃப் கட்டிக்கிட்டாலும் போதும். தோள் மூடுன துணி, கால் மூடுன செருப்பு, புல்லுக்குள்ள நடக்கணும்ல. கொசு மருந்து, தண்ணி பாட்டில். சமாதி மேல உக்காரக் கூடாது, மிதிக்கவும் கூடாது. பூ மாலை, ஊதுவத்தி, கற்பூரம் வேண்டாம், யூதங்க பூ வைக்கறதில்ல, சின்னக் கல்லு தான் வைப்பாங்க, நான் வந்து பாத்துட்டுப் போனேங்கற மாதிரி. அங்கயே தரைல கருப்புக் கல்லு கெடக்கும், ஆளுக்கு ஒன்னு எடுத்துக்கோங்க.

இனிமே கைடு பேசக்கூடாது. அத முன்னாடியே சொல்லி வைங்க. ஒவ்வொருத்தரும் ஒரு வரிசைய எடுத்துக்கிட்டு, கல்லு கல்லா போய் பேர வாய்விட்டுப் படிங்க, மெதுவா தான், உச்சரிப்பு தப்பானாலும் பரவால்ல. எங்க மாமியாருக்கு அந்த எழுத்து படிக்க வராது, நான் படிக்க படிக்க அவங்க திருப்பிச் சொன்னாங்க. 1941ன்னு வருஷம் போட்டிருந்த ஒரு கல்லுக்கிட்ட குனிஞ்சு, கைல வச்சிருந்த கருங்கல்ல முந்தானைல நல்லா தொடச்சு, மண்ணு ஒட்டிருக்கான்னு திருப்பிப் பாத்து மறுபடியும் தொடச்சு, அப்புறம் தான் வச்சாங்க. வச்சுட்டு அது உருண்டு விழுதான்னு கொஞ்ச நேரம் விரலாலயே புடிச்சுட்டு இருந்தாங்க.

கொழந்தைங்கள கூட்டிட்டுப் போகலாமான்னு எல்லாரும் கேக்கறாங்க. பத்து வயசுக்கு மேலன்னா தாராளமா. நம்ம வீட்ல கொழந்தைங்கள மயானத்துக்குக் கூட்டிட்டுப் போறதில்ல, பெரியவங்க தடுத்தா மல்லுக்கட்ட வேண்டாம், சேப்பலோட நிறுத்திக்கலாம். கோவில் பசங்கள்ல ஒருத்தன் என் கைய புடிச்சு, அவங்க என்ன தப்பு பண்ணாங்க ஆன்ட்டின்னு கேட்டான். ஒன்னுமே பண்ணலடான்னேன். அப்ப ஏன் ஜெயில்ல போட்டாங்கன்னான். யூதங்களா பொறந்ததால ஊர்லேருந்து ஓட வேண்டியதாச்சு, ஓடி வந்தவங்கள உள்ள விட மனசில்லாதவங்க இங்க அடைச்சு வச்சாங்கன்னு சொன்னேன். அதுக்கு மேல அந்த வயசுக்கு வேண்டாம், ஆனா அதுக்குக் கொறச்சும் சொல்லாதீங்க.

போட்டோ எடுக்கறதுன்னா கல்ல மட்டும் எடுங்க. சமாதில சாஞ்சு நின்னு குரூப் போட்டோ தயவுசெஞ்சு வேண்டாம், செத்தவங்களோட பேரப் பிள்ளைங்க இன்னமும் தேடி வந்து கும்பிட்டுட்டுப் போற எடம் அது.

வெளிய வரும்போது கை கழுவறது யூதங்க வழக்கம், நம்ம வழக்கமும் ஏறக்கொறைய அதான், அதனால வண்டில ஒரு கேன் தண்ணி தனியா வச்சிருங்க, கேட்டுக்கு வெளிய வச்சு எல்லாரும் கை கழுவிட்டு ஏறட்டும். சாப்பாடு கல்லறைக்குள்ள பிரிக்கவே கூடாது. ரோஸ் ஹில் வந்து டோல்பூரி வாங்கிக்கலாம், வீட்ல குளிச்சுட்டு தான் சாப்பிடுவோம்னு சொல்ற பெரியவங்கள மொதல்ல வீட்ல எறக்கி விட்டுட்டு அப்புறம் மத்தவங்க போங்க. சாயங்காலத்துக்கு பீச் எதுவும் போடாதீங்க. திரும்பி வரும்போது எங்க வண்டில யாரும் பாட்டு போடச் சொல்லல, டிரைவரும் போடல.