பாம்பன் காட்சியில் குறியீடு தேடும் முன்

பாம்பன், தனுஷ்கோடி பக்கம் எடுத்த காட்சிகளை அலசுகிறவர்கள் அடிக்கடி செய்யும் தவறு, ஊர் வழக்கத்தை இயக்குநர் வைத்த குறியீடாகப் படிப்பது. விசைப்படகுகள் வரிசையாகக் கட்டிக் கிடந்தால் 'நாயகனின் தேங்கிய வாழ்க்கை' என்று எழுதிவிடுகிறார்கள். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாள், இந்தக் கரையில் விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடைக்காலம். மே மாதம் படப்பிடிப்பு வைத்தால் படகு கரையில்தான் நிற்கும். அதே ஷாட்டில் நாட்டுப்படகு மட்டும் கடலில் ஓடுகிறதா, கரையேற்றிய படகுக்குப் பெயின்ட் அடிக்கிறார்களா என்று பாருங்கள். இரண்டும் தெரிந்தால் தடைக்காலம் என்றே எடுத்துக்கொள்ளலாம்.

கடலிலும் இதே ஏமாற்றம் உண்டு. தெற்கே மன்னார் வளைகுடா 'ஆண் கடல்', வடக்கே பாக் விரிகுடா 'பெண் கடல்'. தென்மேற்குக் காற்று மாதங்களில் தெற்கே அலை அறைந்துகொண்டிருக்க, தனுஷ்கோடி சாலையைத் தாண்டினால் வடக்கே தண்ணீர் குளம்போலக் கிடக்கும். ஒரு ஷாட்டில் சீற்றமும் அடுத்ததில் அமைதியும் வந்தால், பாத்திரத்தின் மனம் மாறிவிட்டது என்பதற்கு முன் கேமரா எந்தப் பக்கம் திரும்பியது என்று பாருங்கள். வடகிழக்குப் பருவமழைக் காலத்தில் வடகடல்தான் கொந்தளிக்கும்.

நிழல் இடம் மாறுவதற்கும் பெரிய பொருள் வேண்டாம். இரண்டு நிமிட உரையாடலை எடுக்க அரை நாள் போய்விடும். சூரியன் மணிக்கு 15 பாகை நகர்ந்துவிடும். ஸ்கிரீன்ஷாட் எடுத்து உதட்டில் 'ஏளனச் சிரிப்பு' காண்பதும் வேண்டாம். நொடிக்கு 24 ஃபிரேம். வாய் ஒரு எழுத்தை உச்சரிக்கும் பாதியில் நின்றிருக்கும். முன்னும் பின்னும் சில நொடி சேர்த்து, வழக்கமான வேகத்தில் ஓட்டிப் பாருங்கள்.

குறியீடு என்று உங்களுக்குத் தோன்றும் பொருளுக்காக கேமரா நகர்ந்ததா, ஃபோகஸ் மாறியதா, வேறு காட்சியிலும் அது திரும்ப வருகிறதா? இதில் ஒன்றாவது இருந்தால் தாராளமாக அலசலாம். உழைத்து வைத்த குறியீடு, ஊகங்களின் கூச்சலில் கவனிக்கப்படாமல் போவதுதான் வருத்தம்.

சரிபார்க்கக்கூடிய பிழைகளைத் தவறவிடுவதும் அதே அளவு தவறு. ரயில் பாலம் 1914இல் திறந்தது. பக்கத்துச் சாலைப் பாலம் 1988இல்தான் வந்தது. 1970இல் நடக்கும் கதையில் ரயிலுக்கு இணையாகப் பாலத்தில் பஸ் ஓடினால் அது பிழை. அந்த ரயில் பாலத்தின் பழைய தூக்குப்பாலம் நடுவில் பிளந்து இரண்டு கைகளாக எழும்பியது. 2025 ஏப்ரலில் திறந்த புதியது அப்படியே நேராக மேலே ஏறும். தனுஷ்கோடி தேவாலயம் 1964 டிசம்பர் புயலில் சிதைந்தது. 1950களின் கதையில் அது கூரையில்லாமல் நின்றால், சோகத்தின் குறியீடு என்று சமாளிக்க வழியில்லை.