விருந்துக்குத் தக்காளி காக்டெயில்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

தக்காளிச் சாற்றையும் வோட்காவையும் அடிப்படையாகக் கொண்டு, உப்பும் புளிப்பும் காரமும் மேலோங்கத் தயாரிக்கப்படும் பிளடி மேரி என்னும் காக்டெயிலுக்கு ஏறத்தாழ நூறு வயதாகிறது. அதை உருவாக்கியவர் யார் என்பதில் பழைய வழக்கு ஒன்று உண்டு. அமெரிக்க நடிகர் ஜார்ஜ் ஜெஸ்ஸல் அது தம்முடையது என்றார். பாரிஸில் மது கலப்பவராக இருந்து, பின்னர் 1930களில் நியூயார்க்கின் செயின்ட் ரீஜிஸ் ஓட்டலுக்கு வந்து சேர்ந்த ஃபெர்னாண்ட் பெட்டியோவோ, தம் கைக்கு வரும்போது அது வெறும் வோட்காவும் தக்காளிச் சாறுமாகத்தான் இருந்தது என்றும், உப்பு, மிளகு, மிளகாய், எலுமிச்சை, வொர்ஸ்டர்ஷையர் சாஸ் என்னும் புளிப்பும் உப்பும் கலந்த கருநிறச் சாஸ் ஆகியவற்றைச் சேர்த்து இன்றைய வடிவத்தைக் கொடுத்தவர் தாமே என்றும் சொன்னார். நியாயம் யார் பக்கம் என்பது இருக்கட்டும். பெட்டியோவின் வாதத்தில் சமையலறைக்கு உதவும் செய்தி ஒன்று இருக்கிறது. வோட்காவுக்கென்று தனிச் சுவை அதிகமில்லை என்பதால், இந்தப் பானம் தேறுவதும் கெடுவதும் பெரும்பாலும் சாற்றாலும் அதில் சேரும் பொருள்களாலும்தான். விருந்துக்காகச் செய்பவர்களில் பலர் விலை உயர்ந்த வோட்காவைத் தேடி அலைந்துவிட்டு, சாற்று வேலையைக் கடைசி நேரத்துக்குத் தள்ளிவைக்கிறார்கள். மற்றப் பிழைகள் பலவும் அங்கிருந்துதான் கிளைக்கின்றன.

பழத் தேர்விலிருந்தே தொடங்கலாம். நன்றாகப் பழுத்து, காம்புப் பக்கத்தில் முகர்ந்தால் மணம் வீசும் தக்காளிதான் இதற்கு வேண்டும். நாலைந்து நாள் கெடாமல் இருக்கட்டும் என்று முழுப் பழங்களைக் குளிர்பதனப் பெட்டிக்குள் அடுக்கிவைப்பது பொதுவான வழக்கம். ஆனால் ஏறத்தாழ 12 டிகிரி செல்சியஸுக்குக் கீழே பல நாள்கள் இருக்கும் பழத்தில் மணத்தைத் தரும் சேர்மங்கள் குறைந்துவிடுகின்றன. வெளியே எடுத்து வைத்தாலும் அவை முழுமையாகத் திரும்புவதில்லை. சமையலில் குழம்பாகக் கொதிக்கும்போது இந்த இழப்பு அவ்வளவாகத் தெரியாது, குளிர்ந்த பானத்தில் தெரியும். சதைப்பற்று மிகுந்த நீள்வடிவத் தக்காளியை மட்டும் பயன்படுத்தினால் சாறு கூழாகிவிடும், நீர் மிகுந்த உருண்டைத் தக்காளியை மட்டும் பயன்படுத்தினால் நீர்த்துப்போகும். இரண்டையும் பாதிப் பாதியாகக் கலப்பதே நல்லது. பருவம் தவறி, வெளிறிய பழங்களே கிடைக்கின்றன என்றால், டப்பாவில் அடைத்த முழுத் தக்காளியை வாங்கிச் சல்லடையில் தேய்த்தெடுப்பது அவற்றைவிட எவ்வளவோ மேல். ‘எல்லாம் வீட்டிலேயே செய்தது’ என்ற பெருமைக்காக மணமற்ற பழத்தைப் பிழிய வேண்டியதில்லை.

இனிச் சாறு எடுப்பதற்கு வருவோம். பெரும்பாலோர் செய்வது இதுதான்: வேகவைக்காத தக்காளித் துண்டுகளை மிக்சியில் போட்டு, உச்ச வேகத்தில் அரைத்து, வடிகட்டி, குடுவையில் ஊற்றி வைத்துவிடுகிறார்கள். ஒரு மணி நேரம் கழித்துப் பார்த்தால் குடுவைக்குள் சிவந்த விழுதும் மஞ்சள் சாயல் கொண்ட தெளிந்த நீரும் தனித்தனியே பிரிந்து நிற்கும், மேலே இளஞ்சிவப்பு நுரையும் கட்டியிருக்கும். தக்காளியை வெட்டியதும் நசுக்கியதும் அதன் திசுக்களில் இருக்கும் நொதிகள் வேலையைத் தொடங்கி, சாற்றுக்குக் கெட்டித்தன்மையைத் தரும் பெக்டினைச் சிதைத்துவிடுகின்றன; விழுதைத் தாங்கிப் பிடிக்க ஏதும் இல்லாததால் நீர் பிரிகிறது. மிக்சியின் கத்தி அடித்துப் புகுத்தும் காற்றால் நிறம் வெளிறுகிறது. போதாததற்கு விதைகளும் அரைபட்டு, சாற்றில் மெல்லிய கசப்பை விட்டுவிடுகின்றன.

இந்த நொதிகளை அடக்க வெப்பம் வேண்டும், அதுவும் உடனடியாக வேண்டும். சாற்றுத் தொழிற்சாலைகள் தக்காளியை நசுக்கியவுடனே ஏறத்தாழ 85 டிகிரிக்கு மேல் சூடாக்குவது இதற்காகத்தான். வீட்டில் அதையே இப்படிச் செய்யலாம்: அகன்ற எவர்சில்வர் பாத்திரத்தை அடுப்பில் வைத்து, முதலில் அரைக் கிலோ தக்காளியை மட்டும் நான்கு துண்டுகளாக வெட்டிப் போட்டு, கரண்டியின் முதுகால் நசுக்கிக்கொண்டே கொதிக்க விட வேண்டும். அது தளதளவெனக் கொதிக்கும்போது அடுத்த பழத்தை வெட்டி உடனே அதற்குள் போட்டு நசுக்க வேண்டும். கொதி அடங்காதபடி, வெட்டுவதும் போடுவதுமாகத் தொடர வேண்டும். எல்லாப் பழங்களையும் முன்கூட்டியே வெட்டித் தட்டில் குவித்துவைத்துவிட்டு நிதானமாக அடுப்பை மூட்டினால் இந்த முறையின் பயன் போய்விடும், ஏனென்றால் நொதிகளின் வேலை அந்தத் தட்டிலேயே நடந்து முடிந்துவிடும். கடைசிப் பழமும் சேர்ந்த பிறகு ஐந்து நிமிடம் கொதித்தால் போதும். அதற்கு மேல் அடுப்பில் விட்டால் பழத்தின் புத்துணர்வு போய், பானத்துக்கு சாஸின் சுவை வந்துவிடும். தக்காளியின் அமிலம் அலுமினியத்தோடு வினைபுரிந்து உலோக வாடையைக் கொண்டுவருவதால் அலுமினியப் பாத்திரத்தைத் தவிர்ப்பது நல்லது.

விதைகளைச் சுற்றியுள்ள வழுவழுப்பான பகுதியைத் தோண்டி எறிந்துவிட்டுச் சதையை மட்டும் எடுப்பவர்களும் உண்டு. நேர்த்தியாகச் செய்கிறோம் என்று எண்ணிச் செய்யும் இந்த வேலை பானத்தின் ஆதாரச் சுவையையே குறைத்துவிடும். நாக்கில் தங்கும் அந்த ஆழ்ந்த சுவைக்குக் காரணமான குளூட்டமேட், தக்காளியின் சதையைவிட விதை சூழ்ந்த அந்தப் பகுதியில்தான் அதிகம். எனவே கொதித்ததை விதையோடும் தோலோடும் சேர்த்து நடுத்தரக் கண்ணுள்ள சல்லடையில் ஊற்றிக் கரண்டியால் தேய்த்து அழுத்த வேண்டும். சல்லடையின் அடிப்புறத்தில் திரண்டு ஒட்டியிருக்கும் விழுதைப் பலர் கவனிப்பதே இல்லை. அதையும் வழித்துச் சாற்றில் சேர்க்க வேண்டும். மெல்லிய துணியில் வடிகட்டினால் தெளிந்த நீர்தான் கிடைக்கும். அதற்கென்றே வேறு பானங்கள் இருக்கின்றன, இதற்கு அது பொருந்தாது.

அளவைக் குறைத்துக் கணக்கிடுவதும் அடிக்கடி நடக்கிறது. ஒரு லிட்டர் சாற்றுக்கு ஏறத்தாழ ஒன்றரைக் கிலோ தக்காளி தேவைப்படும். சர்வதேச பார்டெண்டர் சங்கத்தின் செய்முறைப்படி ஒரு கோப்பைக்கு வோட்கா 45 மி.லி., தக்காளிச் சாறு 90 மி.லி., எலுமிச்சைச் சாறு 15 மி.லி. வேண்டும். இருபது பேருக்கு ஆளுக்கு இரண்டு கோப்பை என்றால் தக்காளிச் சாறு 3.6 லிட்டர், அதாவது ஐந்தரைக் கிலோ தக்காளி. இவ்வளவையும் ஒரே பாத்திரத்தில் திணித்தால் கொதி எழவே நேரமாகும் என்பதால் இரண்டு தவணையாகச் செய்வது நல்லது. விருந்துக்கு முந்தைய நாளே இதை முடித்து, சாற்றை முழுமையாகக் குளிரவைத்துவிட வேண்டும்.

சாறு சூடாக இருக்கும்போதே உப்பும் காரமும் போட்டுச் சுவை பார்த்து முடித்துவிடுவது அடுத்த பிழை. குளிரக் குளிர நாக்குக்கு இனிப்பு மங்கித் தெரியும். பனிக்கட்டியும் வோட்காவும் சேர்ந்த பிறகு எல்லாச் சுவையுமே நீர்த்துப்போகும். சூட்டில் சரியாக இருந்த சாறு கோப்பையில் சப்பென்று இருப்பதற்கு இதுதான் காரணம். சுவை பார்ப்பதற்கு நம்பத்தக்க வழி ஒன்றே: குளிர்ந்த சாற்றில் ஒரே ஒரு கோப்பையை, வோட்கா, எலுமிச்சை, பனிக்கட்டி எல்லாம் சேர்த்து முழுமையாகத் தயாரித்து, ஐந்து நிமிடம் விட்டு, பிறகு குடித்துப் பார்க்க வேண்டும். விருந்தினர் கையிலிருக்கும் கோப்பை அந்த நிலையில்தான் இருக்கப்போகிறது.

உப்பைப் பொறுத்தவரை, அது எத்தனை வழிகளில் உள்ளே வருகிறது என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். வொர்ஸ்டர்ஷையர் சாஸில் உப்பு உண்டு, செலரி என்னும் மணமிக்க தண்டுக்கீரையின் விதைப் பொடி கலந்த செலரி உப்பு என்பதே பெரும்பகுதி உப்புதான், ஆலிவும் ஊறுகாய் வெள்ளரியும் தம் பங்குக்குக் கொண்டுவரும், கோப்பையின் விளிம்பிலும் பூசுகிறோம். இவை எல்லாவற்றையும் சேர்த்து முடித்த பிறகே தனி உப்பைத் தொட வேண்டும். காரத்தில் இன்னும் கூடுதல் எச்சரிக்கை தேவை. ஒரு கோப்பைக்கு டபாஸ்கோ என்னும் மிளகாய்ச் சாஸ் மூன்று சொட்டு என்றால் நாற்பது கோப்பைக்கு நூற்றிருபது சொட்டு என்று கண்ணை மூடிக்கொண்டு பெருக்கக் கூடாது. கணக்கில் வரும் அளவில் மூன்றில் இரண்டு பங்கை மட்டும் முதலில் சேர்த்து, சில மணி நேரம் ஊறவிட்டுப் பார்த்துவிட்டு மீதியைத் தீர்மானிப்பதே பாதுகாப்பு. மிகுந்த காரத்தைக் குறைக்க வழியில்லை, குறைந்த காரத்தை மேசையில் இருக்கும் பாட்டிலே சரிசெய்துவிடும்.

காரத்துக்காக இந்தப் பானத்தில் துருவிச் சேர்க்கும், கடுகுபோல் உறைக்கும் ஹார்ஸ்ராடிஷ் கிழங்குக்குத் தனிப் பக்குவம் இருக்கிறது. அதன் மூக்கைத் துளைக்கும் காரம் கிழங்கில் ஆயத்தமாக இருப்பதில்லை. துருவும்போது செல்கள் உடைந்து, நொதியின் செயலால் அப்போதுதான் உருவாகிறது. வினிகர் அந்தச் செயலை நிறுத்தி, உருவான காரத்தை அந்த நிலையிலேயே தக்கவைக்கும். ஆகவே துருவியவுடன் வினிகர் ஊற்றினால் மென்மையாகவும், இரண்டு மூன்று நிமிடம் விட்டு ஊற்றினால் உறைப்பாகவும் இருக்கும். கொதிக்கும் சாற்றில் அதைப் போட்டால் காரம் ஆவியாகிப்போய் வெறும் நார்தான் மிஞ்சும். எலுமிச்சையும் அப்படித்தான், பரிமாறும் நாளன்றே பிழிய வேண்டும். முதல் நாள் பிழிந்து வைத்த சாற்றில் மணம் மங்கி, சற்றே கசப்பு தலைகாட்டும்.

வோட்காவைக் குடுவையிலேயே மொத்தமாகக் கலந்துவிடுவது வேலையை எளிதாக்குவதுபோல் தோன்றும். நான் அதை ஒருபோதும் பரிந்துரைக்க மாட்டேன். வண்டி ஓட்ட வேண்டியவர், கருவுற்றிருப்பவர், மருந்து உட்கொள்பவர், மது அருந்தாதவர் என எந்தக் கூட்டத்திலும் சிலர் இருப்பார்கள். கலவையைத் தனியாக வைத்திருந்தால் அதே சுவையை வோட்கா இல்லாமல் அவர்களுக்கும் கொடுக்க முடியும். 40 சதவீத வோட்கா 45 மி.லி. என்றால் அதில் ஏறத்தாழ 14 கிராம் ஆல்கஹால் இருக்கிறது; அளவுக் குவளையால் கோப்பைதோறும் ஊற்றினால்தான் எவ்வளவு அருந்தினோம் என்ற கணக்கு யாருக்கும் இருக்கும். இதோடு சேர்ந்த இன்னொரு கவனக்குறைவும் உண்டு. வழக்கமான வொர்ஸ்டர்ஷையர் சாஸில் நெத்திலி வகை மீன் சேர்வதால் சைவ உணவினருக்கு அது ஆகாது, மீன் ஒவ்வாமை உள்ளவர்களுக்கோ ஆபத்து. செலரியாலும் சிலருக்கு ஒவ்வாமை வரும். மீன் சேராத சாஸ் கடைகளில் கிடைக்கிறது; எதைப் பயன்படுத்தினாலும் குடுவையின் மேல் எழுதி ஒட்டிவிடுவது நல்லது.

கலக்கும் முறைக்கு வருவோம். மற்ற காக்டெயில்களைப் போல மூடிபோட்ட ஷேக்கரில் வேகமாகக் குலுக்கினால், மிக்சியில் நேர்ந்த அதே கேடு மறுபடியும் நேரும்; காற்று புகுந்து நுரைக்கும், பனி உடைந்து சாறு நீர்க்கும். அனுபவமுள்ளவர்கள் இதைக் குலுக்குவதில்லை. இரண்டு பெரிய குவளைகளை எடுத்து, ஒன்றிலிருந்து மற்றதற்கு நான்கைந்து முறை மெதுவாக மாற்றி ஊற்றுகிறார்கள். ஊற்றும்போது குவளையைச் சாய்த்து, சாறு உள்சுவரைத் தொட்டு வழுக்கி இறங்கும்படி செய்தால் நுரை எழாது. பனிக்கட்டி பெரிதாக இருக்க வேண்டும். பொடித்த பனி ஐந்து நிமிடத்தில் கோப்பையை நீராக்கிவிடும். முந்தைய நாள் சாற்றில் கொஞ்சத்தைப் பனிக்கட்டித் தட்டில் ஊற்றி உறையவைத்தால், உருகினாலும் சாறாகவே உருகும். விளிம்பில் உப்பைச் சுற்றிலும் பூசாமல் பாதி வட்டத்துக்குப் பூசினால் போதும், வேண்டாதவர் மறுபக்கம் குடிப்பார். அலங்காரத்துக்கு ஒரு செலரித் தண்டும் ஓர் ஆலிவும் தாராளம். பொரித்த இறாலையும் பன்றி இறைச்சித் துண்டுகளையும் குச்சியில் கோத்து நிறுத்தும் மோகம் படத்துக்கு அழகாக இருக்கலாம், கோப்பையைத் தூக்கிக் குடிக்க உதவாது.

கலவைக் குடுவையை விருந்து முடியும்வரை மேசையிலேயே விட்டுவைக்கக் கூடாது. அறை வெப்பத்தில் இரண்டு மணி நேரமே எல்லை. பெரிய கிண்ணத்தில் பனிக்கட்டியைப் பரப்பி அதற்குள் குடுவையை நிறுத்தினால் நெடுநேரம் குளிர்ச்சி நிற்கும். மேசைக்கு வராமல் குளிர்பதனப் பெட்டியிலேயே இருந்த சாறு மூன்று நான்கு நாள் தாங்கும். மீதமானதைப் பாட்டிலில் அடைத்து அலமாரியில் வைத்துக்கொள்ளலாம் என்று நினைப்பவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். அமிலத்தன்மையைக் குறிக்கும் பிஎச் என்னும் எண் கூடக் கூட அமிலம் குறைவு என்று பொருள்; அது 4.6க்கு மேல் போனால், காற்றில்லாத பாட்டிலுக்குள் பாட்டுலிசம் என்னும் உயிருக்கு ஆபத்தான நோயைத் தரும் நஞ்சை உண்டாக்கும் பாக்டீரியா வளர இடமுண்டு. தக்காளி இந்த எல்லைக்கு இருபுறமும் ஊசலாடும் பழம், செலரி போன்ற காய்கள் சேரும்போது அமிலம் இன்னும் குறையும். எனவே வீட்டில் கலந்த மசாலாச் சாற்றை உறையவைப்பதே ஏற்றது. உறையும்போது விரிவடையும் என்பதால் டப்பாவின் மேற்பகுதியில் இரண்டு விரற்கடை இடம் விட்டு மூட வேண்டும். எலுமிச்சையையும் ஹார்ஸ்ராடிஷையும் அப்போது சேர்க்காமல், உருக்கி எடுத்த பிறகு புதிதாகச் சேர்த்துக்கொள்ளலாம்.