தமிழ் மின்னூலை முறையாக இறக்கி, கூகுள் டிரைவில் பகிர்வது எப்படி?

"புதுமைப்பித்தன் கதை ஏதாவது போனில் படிக்கிற மாதிரி அனுப்புடா" என்று போன மாதம் சித்தி கேட்டார். குடும்பக் குரூப்பில் ஏற்கெனவே ஒரு பிடிஎஃப் சுற்றிக்கொண்டிருந்தது. திறந்து பார்த்தால், அண்மையில் வந்த ஒரு பதிப்பை அப்படியே ஸ்கேன் செய்திருந்தார்கள். ஒரு பக்கத்தின் ஓரத்தில் யாருடைய கட்டைவிரலோகூடத் தெரிந்தது.

இந்தியச் சட்டப்படி, எழுத்தாளர் மறைந்த மறு ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் பதிப்புரிமை உண்டு. புதுமைப்பித்தன் மறைந்தது 1948 இல். ஆகவே அவர் காலத்தில் அச்சான கதைகளுக்கு 2008 முடிவோடு அந்தத் தடை இல்லை. ஆனால் அந்த ஸ்கேனில் இருந்த முன்னுரையும் அடிக்குறிப்புகளும் இன்றைய பதிப்பாசிரியர் எழுதியவை. அவற்றுக்கு உரிமை இருக்கிறது. கதை பொதுச்சொத்து என்பதால் புத்தகமே பொதுச்சொத்து ஆகிவிடாது.

சரி, எங்கே போய் எடுப்பது? 1998 பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டம் (Project Madurai) என்ற இணைய நூல் தொகுப்புதான் என் முதல் தேர்வு. தன்னார்வலர்கள் தட்டச்சு செய்து, பிழை திருத்தி ஏற்றிய நூல்கள் அங்கே இருக்கின்றன. இன்றைய எழுத்தாளர்கள் வேண்டுமென்றால் ஃப்ரீ தமிழ் இபுக்ஸ் தளம். அங்கே எழுத்தாளர்களே கிரியேட்டிவ் காமன்ஸ் உரிமத்தில், அதாவது பிறர் பகிர்ந்துகொள்ள முன்கூட்டியே அனுமதி தந்து, நூலைத் தருகிறார்கள். எதற்கெல்லாம் அனுமதி என்பதை நூலின் பக்கத்திலேயே பார்த்துக்கொள்ளலாம். பழைய அச்சுப் பிரதிகளுக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம், இலங்கை நூல்களுக்கும் இதழ்களுக்கும் 'நூலகம்' என்ற பெயருள்ள தளம்.

இறக்கும்போது வடிவத்தைக் கவனியுங்கள். ஏ4 பிடிஎஃப்பைப் போனில் திறந்தால் எழுத்து எறும்பு மாதிரி இருக்கும். பெரிதாக்கினால் ஒவ்வொரு வரிக்கும் இடமும் வலமும் இழுத்துக்கொண்டே படிக்க வேண்டும். இபப் (EPUB) என்ற மின்னூல் வடிவம் கிடைத்தால் அதையே எடுங்கள். எழுத்தைப் பெரிதாக்கினாலும் வரிகள் திரைக்குள் மடங்கி நிற்கும். ஆண்ட்ராய்டில் கூகுள் பிளே புக்ஸிலும் ஐபோனில் ஆப்பிள் புக்ஸிலும் இது திறக்கும்.

அடுத்து, கோப்புகளை இணையத்தில் சேமித்து வைக்கும் கூகுள் டிரைவ். ஜிமெயில் கணக்கு இருந்தால் 15 ஜிபி இடம் இலவசம்; மெயிலும் போட்டோக்களும் அதே 15 ஜிபிக்குள்தான். டிரைவ் செயலியில் கூட்டல் குறியைத் தொட்டு, 'அப்லோட்' கொடுத்து, கோப்பைத் தேர்ந்தெடுங்கள். ஏறியதும் கோப்பின் பக்கத்தில் உள்ள மூன்று புள்ளியைத் தொட்டு 'ஷேர்' பகுதிக்குப் போங்கள்.

இங்கேதான் நான் சறுக்கினேன். ஒரு நாள் இரவு பன்னிரண்டு பேருக்கு லிங்க் அனுப்பிவிட்டுப் படுத்துவிட்டேன். காலையில் பார்த்தால் ஒன்பது பேரிடமிருந்து அனுமதி கேட்டு மெயில். முதலில் 'ரெஸ்ட்ரிக்டட்' என்றுதான் இருக்கும். அப்படியே விட்டால் நீங்கள் பெயர் சேர்த்தவர்களுக்கு மட்டுமே கோப்பு திறக்கும். குரூப்புக்கு அனுப்புவதென்றால் 'எனிஒன் வித் த லிங்க்' என்று மாற்றி, பக்கத்தில் 'வியூவர்' (பார்க்க மட்டும் அனுமதி) இருக்கிறதா என்று பார்த்து, பிறகு லிங்க்கை காப்பி செய்யுங்கள். ஆதார், வங்கிக் கணக்கு விவரம் உள்ள கோப்பென்றால் இந்த வழி வேண்டவே வேண்டாம். பெறுபவரின் மெயில் முகவரியைச் சேர்த்து அவருக்கு மட்டும் திறந்துவிடுங்கள்.

கோப்பை மாற்றவும் விடும் 'எடிட்டர்' அனுமதியை யோசித்துக் கொடுங்கள். எங்கள் வீட்டுக் கல்யாணச் செலவுக் கணக்கை எல்லோருக்கும் எடிட்டராகத் திறந்துவிட்டேன். மாமா போனில் தள்ளிப் பார்க்கும்போது, சமையல்காரருக்கு அட்வான்ஸ் கொடுத்த வரி காணாமல் போயிற்று. கம்ப்யூட்டரில் அந்த ஷீட்டைத் திறந்து, பழைய பிரதிகளைக் காட்டும் 'வெர்ஷன் ஹிஸ்டரி'யில் முந்தைய நாள் பிரதியை எடுத்து மீட்டேன்.

காசு கொடுத்து வாங்கிய மின்னூலை டிரைவில் போட்டு ஊருக்கெல்லாம் லிங்க் கொடுக்கக் கூடாது. இலவச நூலுக்கும்கூட முடிந்தவரை அந்தத் தளத்தின் பக்கத்தையே அனுப்புவேன். பிழை திருத்தி மறுபடி ஏற்றியிருந்தால் நல்ல பிரதியே போய்ச் சேரும். சித்திக்கு மட்டும் தளத்தில் தேடி இறக்குவது சிரமம் என்பதால் டிரைவ் லிங்க். இபப்பை டிரைவிலேயே படிக்க முடியாது, இறக்கித்தான் திறக்க வேண்டும் என்று கூடவே ஒரு வரியும் எழுதி அனுப்பினேன்.