ஹெர்டல் பிடிக்கப் பழகுபவர்களுக்கு: நடுவில் வரும் எண்ணை எழுதுங்கள்

கண் முன்னால் துருத்திக்கொண்டு நிற்கிறதா, நின்றால் எத்தனை மில்லிமீட்டர் என்று பார்க்கும் ஹெர்டல் கருவியை முதல்முறை கையில் எடுக்கிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். கண்குழியின் வெளிப்பக்க எலும்பு விளிம்பிலிருந்து கார்னியாவின் (கண்ணின் முன்பக்கத் தெளிந்த படலத்தின்) உச்சி எவ்வளவு முன்னால் இருக்கிறது, அவ்வளவுதான் இது சொல்லும். ஹெர்டல் இதைக் கொண்டுவந்தது 1905-இல். அடிப்படை இன்னும் அதேதான். நான் வேலை பார்ப்பது பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் ஒரு சின்னக் கண் கிளினிக்கில். ஓபியில் தமிழும் மலையாளமும் கலந்துதான் ஓடும், அதனாலேயே ஒரு தடுமாற்றமும் வந்தது, கீழே சொல்கிறேன்.

கருவியைத் தொடும் முன், கண் முன்பு எப்படி இருந்தது என்று ஒப்பிட, நோயாளியின் பழைய போட்டோ ஒன்று கேட்டு வாங்குங்கள். ரேஷன் கார்டோ கல்யாண ஆல்பமோ, எதுவானாலும் சரி. அப்புறம் அவரை உட்காரவைத்து, பின்னால் நின்று, தலையைக் கொஞ்சம் பின்னுக்குச் சாய்க்கச் சொல்லி புருவத்துக்கு மேலிருந்து எட்டிப் பாருங்கள். எந்தக் கண் முன்னால் நிற்கிறது என்று அப்போதே பாதி தெரிந்துவிடும்.

இனி அளவு. உங்கள் கண்ணும் அவர் கண்ணும் ஒரே உயரத்தில் இருக்கட்டும். ஆள்காட்டி விரலால் கண்ணின் வெளி ஓரத்து எலும்பைத் தடவி, உள்ளே குழிந்திருக்கும் இடத்தைக் கண்டுபிடியுங்கள். கருவியின் இரண்டு கால்களும் அங்கேதான் உட்கார வேண்டும். முதலில் ஒரு காலை வைத்து, நகரும் பக்கத்தை மெல்லத் தள்ளி அடுத்ததைப் பொருத்துங்கள். அழுத்தாதீர்கள், அழுத்தினால் தோலும் சதையும் அமுங்கி, கால் பின்னால் போய், அளவு கூடுதலாகக் காட்டும்.

அவருடைய வலது கண்ணை அளக்கும்போது உங்கள் வலது கண்ணை மூடிக்கொண்டு இடது கண்ணால் பாருங்கள், அவரும் உங்கள் இடது கண்ணையே பார்க்க வேண்டும். மறுபக்கத்துக்கு இதற்கு நேர்மாறு. இங்கேதான் அந்தத் தடுமாற்றம். “என் இடது கண்ணைப் பாருங்க” என்றால் அவர் தன் இடப்பக்கம் திரும்புவார். மலையாளத்தில் “இடத்தே கண்ணில் நோக்கூ” என்று சொல்லிப் பார்த்தேன், அதே கதைதான். இப்போது பேச்சே இல்லை: என் கண்ணுக்குக் கீழே விரலை வைத்து “இங்க” என்பேன். கருவியின் கண்ணாடிக்குள் கார்னியாவின் உச்சி எந்தக் கோட்டில் நிற்கிறதோ அதைப் படியுங்கள். சாய்ந்து பார்த்தால் அளவு மாறாமலிருக்க ஒரு சிவப்புக் கோடு இருக்கும். அது எதோடு ஒன்ற வேண்டும் என்பது கருவிக்குக் கருவி வேறு, கூட வரும் தாளைப் படித்துவிடுங்கள்.

நான் சறுக்கியது இதற்கு அடுத்த இடத்தில். கால்களுக்கு நடுவே உள்ள தூரம், அதாவது பேஸ், கருவியின் மேல் தண்டில் இருக்கும். தைராய்டுக்காக வந்துகொண்டிருந்த ஒரு அம்மாவுக்கு நான் அளந்தபோது இரண்டு பக்கமும் 21. முந்தைய தடவை 18, 19. மூன்றே மாதத்தில் இவ்வளவா என்று எனக்குக் கை உதறல், அந்த அம்மா வேறு “ஏனுங்க தம்பி, இன்னும் வெளிய வந்துருச்சுங்களா?” என்று கேட்கிறார். டாக்டர் ஒரே கேள்விதான் கேட்டார்: “பேஸ் எவ்வளவு?” நான் முழித்தேன். சீட்டைப் புரட்டினால் சீனியர் அக்கா முன்பு 98 என்று எழுதியிருந்தார். நான் கால்களை 104-இல் விரித்திருக்கிறேன். அவை விளிம்பைத் தாண்டிக் கன்னப்பொட்டுப் பக்கம் சரிந்து, பின்னாலிருந்து அளந்துவிட்டன. 98-இல் வைத்து மறுபடி அளந்தால் 18, 19. ஆகவே எப்போதும் மூன்று எண்கள் எழுதுங்கள், வலது, பேஸ், இடது. அடுத்த தடவை பேஸை முதலில் பூட்டிவிட்டு அப்புறம் முகத்தில் வையுங்கள்.

தனி எண்ணைவிட இரண்டு கண்ணுக்கும் உள்ள வித்தியாசம்தான் எனக்குப் பெரிது. 2 மில்லிமீட்டருக்கு மேல் போனால் டாக்டரிடம் காட்டாமல் அனுப்பாதீர்கள். பெரியவர்களுக்கு ஒரு கண் துருத்தினாலும் இரண்டும் துருத்தினாலும் அதிகம் காணும் காரணம் தைராய்டுதான். அளந்ததோடு எழுந்துவிடாமல், கண்ணை மூடச் சொல்லி இமை முழுக்க மூடுகிறதா என்று பாருங்கள், ஃப்ளோரெசின் சாயம் வைத்து ஸ்லிட் லேம்பில் (கண் பார்க்கும் மைக்ராஸ்கோப்பில்) கார்னியாவின் கீழ்ப்பகுதியையும் பாருங்கள். மூடாத கண்ணில் முதலில் காய்ந்து புண்ணாவது அந்த இடம். காய்ச்சலோடு திடீரென்று கண் வீங்கித் துருத்திய குழந்தை வந்தால் ஹெர்டலைத் தேடாதீர்கள், உடனே பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்புங்கள்.

கருவி வாங்குவதானால் கண்ணாடி வைத்ததைவிட ப்ரிஸம் வைத்தது மேல், என் அனுபவத்தில். ஆடிக்கொண்டேயிருக்கும் பிள்ளைகளுக்கு லூடே அளவுகோல் போதும். தடித்த தெளிந்த பிளாஸ்டிக் ஸ்கேல், ஒரு முனையில் எலும்பில் பொருந்தும் வெட்டு இருக்கும்.

பின்சேர்க்கை: ஒரு கண் மட்டும் ஹெர்டலில் 23 காட்டுகிறது, தைராய்டு டெஸ்ட் எல்லாம் சரி என்று ஒருவர் கேட்டிருந்தார். கண்ணாடி பவரைக் கேட்டேன், அந்தக் கண்ணுக்கு மைனஸ் 12. கண்ணே நீளம், அதனால் முன்னால் நிற்கிறது. ஏ-ஸ்கேனில் (கண்ணின் நீளம் அளக்கும் அல்ட்ராசவுண்டில்) நீளம் பாருங்கள், சாதாரணமாக 23, 24 மில்லிமீட்டர் இருக்கும்.

இன்னொருவர், பைக் விபத்தில் வெளி விளிம்பு எலும்பு உடைந்தவருக்கு எப்படி அளப்பது என்றார். ஹெர்டல் உதவாது, கால் வைக்கும் எலும்பே இடம் மாறிவிட்டதே. நெற்றி விளிம்பிலும் கீழ் விளிம்பிலும் தாங்கி அளக்கும் நாகல் கருவி இருக்கிறது. அது இல்லாத இடத்தில் சிடி ஸ்கேனை வைத்துத்தான் பார்க்க வேண்டும்.